எருமைக் கொம்பில் நீலப் பூ

ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் அவளைப் பூச்சி என்றுதான் கூப்பிடுவார்கள். வேலைக்குச் சேர்ந்த புதிதில் மேற்பார்வையாளர் ஏதோ கேட்க, அவள் பதில் சொல்லாமல் தலையை மட்டும் ஆட்டினாள். "சரியான வாயில்லாப்பூச்சியா வந்து சேர்ந்திருக்கு" என்றார் அவர். சாயங்காலத்துக்குள் முன்பாதி உதிர்ந்து போய் வெறும் பூச்சி மிஞ்சியது. அவளுக்கு அதில் வருத்தம் இல்லை. திட்டிக் கூப்பிட்டாலும் சிரித்துக் கூப்பிட்டாலும் அவள் ஒரே மாதிரிதான் திரும்பிப் பார்ப்பாள்.

உலர்த்தும் இயந்திரத்திலிருந்து சூடாக வரும் படுக்கை விரிப்புகளை மடிப்பது அவள் வேலை. பெரிய விரிப்பை ஒருத்தியாக மடிக்க முடியாது. எதிரே இன்னொருத்தி நின்று இரண்டு மூலையைப் பிடிக்க வேண்டும். இழுத்து, உதறி, நடந்து வந்து மூலையோடு மூலை சேர்க்க வேண்டும். எதிரே நிற்பவளுக்கு வெண்கலம் என்று பெயர். அவள் தொண்டைக்கு வைத்த பெயர் அது. எல்லா இயந்திரமும் ஓடும்போதுகூட அவள் ரகசியம் சொன்னால் வாசல் காவலாளிக்குக் கேட்கும். இரண்டு பேருக்கும் சேர்த்து அவளே பேசிவிடுவதால் பூச்சிக்கு அவளைப் பிடித்திருந்தது.

கொக்கி ஊசியால் பின்னுவதைப் பூச்சி யாரிடமும் போய்க் கற்கவில்லை. வேலைக்குப் போகிற பஸ்ஸில் முன் இருக்கையில் ஒரு பெண் தினமும் உட்கார்ந்து பின்னிக்கொண்டே வருவாள். பூச்சி பின்னாலிருந்து அவள் தோளுக்கு மேலாகப் பார்த்துக்கொண்டே போவாள். ஒரு மழைக்காலம் முழுக்கப் பார்த்த பிறகு தானே ஓர் ஊசி வாங்கினாள். அந்தப் பெண்ணிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை. அதனால் எந்தப் பின்னலுக்கு என்ன பெயர் என்பது இன்றுவரை அவளுக்குத் தெரியாது. கைக்குத் தெரியும்.

தங்கை பிள்ளை உண்டாகியிருக்கிறாள் என்று தங்கை புருஷன் போனில் சொன்ன வாரம்தான் பூச்சி குழந்தைக்கு ஒரு போர்வை பின்ன ஆரம்பித்தாள்.

தங்கை தவழ்ந்துகொண்டிருந்தபோது அம்மா போய்ச் சேர்ந்தாள். அன்றைக்கு நின்றது பூச்சியின் பள்ளிக்கூடம். தங்கையை இடுப்பில் தூக்கிக்கொண்டே சமைத்தாள், பெருக்கினாள், துவைத்தாள். அப்பாவுக்கு வெல்டிங் பட்டறையில் வேலை. கை நீட்ட மாட்டார், குடிக்க மாட்டார். நல்ல மனுஷன் என்று தெருவில் பேர். ஆனால் சின்ன மகளை அவர் பேர் சொல்லிக் கூப்பிட்டு யாரும் கேட்டதில்லை. மெதுவாக எழுந்தால் எருமை. வளர வளர, இவ்வளவு வளர்ந்தும் புத்தி இல்லை என்று கழுதை. இன்னொரு வாய் சோறு கேட்டால் பன்றி. கண்ணாடி முன்னால் நின்றால் குரங்கு. பேசும்போது முகத்தைப் பார்த்தால் ஆந்தை. வந்தவர்கள் முன்னாலும் இதேதான். அவர்கள் சிரிப்பார்கள். பூச்சி அடுப்புப் பக்கம் திரும்பிக்கொள்வாள். பெரியவளை அவர் ஒருநாளும் திட்டியதில்லை. திட்டுகிற அளவுக்கு அவள் கண்ணிலேயே பட்டதில்லை.

தங்கை படிப்பு முடிந்ததும் வேறு ஊரில் வேலை தேடிக்கொண்டு கிளம்பினாள். கல்யாணம் செய்துகொண்ட பிறகுதான் செய்தி சொன்னாள். அப்பா செத்ததற்கு வந்து, விருந்தாளி மாதிரி ஓரமாக நின்றுவிட்டு, சாயங்காலப் பஸ்ஸைப் பிடித்துப் போய்விட்டாள். அதற்குப் பிறகு போனில் பேசுவது தங்கை புருஷன்தான். ஃபிரிட்ஜ் மெக்கானிக். இளகின மனசு.

"அக்கா, குழந்தை பொறந்ததும் வந்து பாருங்க. லீவு முடிஞ்சு இவ வேலைக்குப் போகணும். எங்கம்மா எங்கண்ணன் வீட்டுக்குப் போயிடுவாங்க. இவ மனசு மட்டும் கொஞ்சம் எறங்கினா நீங்க இங்கயே இருந்து குழந்தையப் பாத்துக்கலாம். நான் பேசிப் பாக்கறேன்."

அதைக் கேட்ட நாளிலிருந்து பூச்சிக்கு வேறு நினைப்பே இல்லை. இடுப்பு காலியாக இருக்கிறது என்று இத்தனை வருஷம் கழித்து அன்றைக்குத்தான் அவளுக்குத் தோன்றியது.

தங்கையிடம் சொல்ல அவளிடம் ஒன்று இருந்தது. வாயால் சொல்ல வராது என்று தெரியும். அதனால் பின்னினாள். கட்டம் கட்டமாக ஐந்து மிருகங்கள், அப்பா சொன்ன அதே ஐந்து. எருமையின் கொம்பில் ஒரு சின்ன நீலப் பூ வைத்தாள். கழுதைக்கு நீளமான இமைகள். பன்றிக்குட்டி வாலைச் சுருட்டிக்கொண்டு தூங்கியது. குரங்கு தன் வாலைத் தானே பிடித்துக்கொண்டு சிரித்தது. ஆந்தையின் கண்ணுக்கு மட்டும் நல்ல மஞ்சள் தேடி நாலு கடை ஏறி இறங்கினாள். சலவைக்கூடத்துக்கு எதெல்லாமோ ஒட்டிக்கொண்டு விரிப்புகள் வருகின்றன, போகும்போது வெள்ளையாய்ப் போகின்றன. அதைப் பார்த்துப் பார்த்தே வாழ்ந்தவள் அவள். அந்த ஐந்து சொல்லையும் அப்படி வெளுத்துக் கொடுத்துவிடலாம் என்று நம்பினாள்.

சாப்பாட்டு இடைவேளையில் வெண்கலம் எட்டிப் பார்த்தாள்.

"ஏன் பூச்சிக்கா, முயலு, வாத்துன்னு போடக்கூடாதா? எருமை, கழுதை, பன்னி! குழந்தைக்குப் போர்வையா, இல்ல எம் மாமியார் என்னக் கூப்பிடற லிஸ்டா?"

பூச்சி சிரித்தாள். "இதுதான்" என்றாள்.

"சரிதான். எருமைக்கு என்னக்கா தலையில பூவெல்லாம்? மாப்பிள்ளை பாக்க வராங்களா?"

மிருகங்களைத் தனியாகச் செய்து மேலே தைப்பதுதான் சுலபம். ஆனால் குழந்தைகள் வார்டிலிருந்து வரும் துணிகளை அவள் பார்த்திருக்கிறாள். தைத்த பூ, ஒட்டிய காது, பொத்தான் கண், எதுவும் தங்காது. பிள்ளைகள் வாயில் வைத்துக் கடித்துப் பிய்த்துவிடும். அது தொண்டையில் சிக்கினால் என்ன ஆவது? அதனால் எல்லாவற்றையும் போர்வைக்குள்ளேயே நிறம் மாற்றி மாற்றிப் பின்னினாள். வெள்ளை நூலுக்குள் சாம்பல் நூல் ஒளிந்து ஓடும். தேவைப்படும் இடத்தில் வெளியே வந்து கழுதையாகும். மறுபடி உள்ளே போய்விடும். எதையும் பிய்க்க முடியாது. இழுத்துப் பார்த்து அவளுக்கே திருப்தியாக இருந்தது.

குழந்தை பிறந்து, லீவு முடியப் போகிற நேரத்தில் தங்கை புருஷன் கூப்பிட்டார். "வரச் சொல்லிட்டா அக்கா. வாங்க."

மாடி வீடு. குழந்தை பெண். தூளி மாதிரி குழிந்த மெத்தையில் கையை ஆட்டிக்கொண்டு கிடந்தது. தங்கை "வா" என்றாள். "பஸ்ல உக்கார எடம் கெடச்சுதா?" என்று கேட்டாள். அப்புறம் குழந்தையைத் தூக்கி, எதுவும் சொல்லாமல், பூச்சியின் கையில் கொடுத்தாள். பூச்சி அதை இடுப்போடு அணைத்து வைத்துக்கொண்டாள். தங்கை பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகத்தில் ஏதோ கொஞ்சம் தளர்ந்தது. அது நிஜம்தான். பிற்பாடு எத்தனை தடவை நினைத்துப் பார்த்தாலும் அது மட்டும் நிஜம்.

தங்கையின் மாமியார் கலகலப்பான பெண்மணி. முழங்காலைத் தடவிக்கொண்டே பையைப் பார்த்தார். "என்னம்மா, பெரியம்மா வெறுங்கையோடவா வந்திருப்பாங்க? எடு எடு."

போர்வை கட்டில் மேல் விரிந்தது.

"அடேயப்பா! இது கையால பண்ணதா? கடையில இப்படிக் கெடைக்குமா?" குழந்தையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். அதன் விரலைப் பிடித்து ஒவ்வொரு கட்டத்திலும் வைத்தார். "இங்க பாருடி. இது யாரு? எருமை! பூ வெச்ச எருமை! இது யாரு? கழுதை! ஏய் கழுதை, இங்க வாடின்னு கூப்பிடு. இது? பன்னி! தின்னுட்டுத் தூங்குது பாரு பன்னி! இது குரங்கு..."

குழந்தை காலை உதைத்துச் சிரித்தது.

இத்தனை மாதமும் அந்த மிருகங்கள் பூச்சியின் மடியில் சத்தமே இல்லாமல் கிடந்தன. மிருகம் போட்ட போர்வையை யாராக இருந்தாலும் குழந்தைக்கு வாய்விட்டுத்தான் காட்டுவார்கள், ஒவ்வொன்றாகப் பேர் சொல்லித்தான் காட்டுவார்கள் என்பது அவளுக்குத் தோன்றவே இல்லை. பேசுகிறவளாக இருந்திருந்தால் தோன்றியிருக்கும்.

தங்கை சமையலறை வாசலில் நின்றிருந்தாள். கையில் ஈரத் துண்டு.

"ஆந்தையும் இருக்கா அத்தை?"

"இருக்கே! முழிக்கறதப் பாரேன்."

"அஞ்சும் இருக்கு" என்றாள் தங்கை. "ஒண்ணுகூட விட்டுப்போகல."

"என்னம்மா அஞ்சு?"

"ஒண்ணுமில்ல அத்தை. எங்க வீட்டுல எனக்கு நெறையப் பேரு."

மாமியாருக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் குரலைக் குறைத்துக்கொண்டு குழந்தையோடு பக்கத்து அறைக்குப் போய்விட்டார். தங்கை கட்டிலருகே வந்து போர்வையைப் புரட்டிப் பார்த்தாள். அந்தப் பக்கம் வெறுமையாக இருக்கும் என்று நினைத்திருக்க வேண்டும். அங்கேயும் அதே ஐந்து, முகம் மட்டும் எதிர்ப்பக்கமாகத் திரும்பி நின்றன.

"நெஜமாத்தான் கேக்கறேன்க்கா. எதுக்கு இதப் பண்ண?"

பூச்சியின் உதடு அசைந்தது. உள்ளே எல்லாம் இருந்தது. அவர் அசிங்கமாகச் சொன்னார், நான் அழகாகச் செய்து பார்த்தேன். அன்றைக்கு அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன், இன்றைக்கு உன் பக்கம் திரும்பியிருக்கிறேன். இவ்வளவும் இருந்தது.

"கொம்புல..." என்றாள். "பூ வெச்சிருக்கேன். பாத்தியா?"

"பூ வெச்சா எருமை எருமையில்லன்னு ஆயிடுமா?"

தங்கை துண்டை நாற்காலி மேல் போட்டாள். பெருமூச்சு விட்டாள். திரும்பவும் பேசியபோது குரல் தணிந்திருந்தது.

"சரி. கஷ்டப்பட்டுப் பண்ணியிருக்க. நான் தூக்கிப் போட மாட்டேன். அந்த மிருகத்த மட்டும் எடுத்துடு. வெறும் போர்வையாக் குடு, போத்தறேன். அவசரமில்ல. இங்கயே இருந்து மெதுவா எடு."

இங்கேயே இருந்து. அந்த வார்த்தைக்காகத்தான் அவள் வந்தாள். ஆனால் அந்த நேரத்தில் அவள் காது அதைத் தாண்டிப் போய்விட்டது. கண் போர்வையில் நின்றது. எருமையின் கறுப்பு எங்கே உள்ளே போகிறது, எந்த வரிசையில் வெள்ளையோடு சேர்கிறது என்று மனசு நூலைப் பிடித்துக்கொண்டே ஓடியது. ஓரிடத்தில் அறுத்தால் வரிசை முழுக்கப் பிரியும். ஒரு கட்டம் பிரிந்தால் பக்கத்துக் கட்டம் தொங்கும். அவள் பொய் சொல்லிப் பழகாதவள்.

"முடியாது" என்றாள்.

"என்ன?"

"முடியாதும்மா."

தெளிவாக வந்தது. அன்றைக்கு முழுக்க அவள் வாயிலிருந்து திக்காமல், இழுக்காமல் வந்த ஒரே வார்த்தை. வெண்கலம் கேட்டிருந்தால் இது யார் குரல் என்று திரும்பிப் பார்த்திருப்பாள்.

தங்கை அவளையே பார்த்தாள். ஆந்தை என்று திட்டு வாங்கிய பார்வை அது, நேராக முகத்தில் நிற்பது.

"அப்பாகிட்ட ஒரே ஒரு நாள் இதச் சொல்லியிருக்கலாமேக்கா. அப்ப வராத வார்த்தை எங்கிட்ட மட்டும் எவ்வளவு சுத்தமா வருது."

போர்வையைத் தங்கையே மடித்தாள். மூலையோடு மூலை சேர்த்து, உள்பக்கம் தெரியாமல், சின்ன வயதில் அக்கா சொல்லிக் கொடுத்த மாதிரியே மடித்துப் பையில் வைத்தாள். "சாப்ட்டுட்டுக் கெளம்பு. சாயங்காலப் பஸ் கூட்டமா இருக்கும்." சோற்றைப் பரிமாறியது அவள்தான். இன்னும் கொஞ்சம் போட்டுக்கொள் என்று இரண்டு தடவை சொன்னாள். அக்கம்பக்கத்தவர்களிடம் சொல்வது போலச் சொன்னாள்.

பஸ் நிலையத்தில், வழியனுப்ப வந்த தங்கை புருஷன் செருப்பால் தரையைத் தேய்த்துக்கொண்டு நின்றார். "பகல்ல குழந்தைய விடறதுக்கு ஒரு காப்பகத்துல கேட்டு வெச்சிருந்தோம். அங்கயே விட்டுடலாம்னு சொல்லிட்டா அக்கா."

அப்போதுதான் பூச்சி பேசினாள். நூல் உள்ளே ஓடுவதைச் சொன்னாள். மேலே தைத்திருந்தால் எடுத்திருக்கலாம், குழந்தை பிய்த்து முழுங்கிவிடக் கூடாதே என்றுதான் சேர்த்துப் பின்னினேன் என்று சொன்னாள். நான் எடுக்க மாட்டேன் என்று சொல்லவில்லை, எடுக்க வராது என்றேன், வெள்ளையில் புதுசாக ஒன்று செய்து தருகிறேன் என்று சொன்னாள். வாழ்க்கையில் அவ்வளவு நீளமாக அவள் பேசியதே இல்லை. பஸ்ஸின் இன்ஜின் உறுமிக்கொண்டிருந்தது. அவர் காதைக் கிட்டே கொண்டுவந்து கேட்டார்.

"நூல் விஷயமாக்கா? இவ்வளவுதானா? நான் சொல்லிடறேன், விடுங்க."

சொன்னாராம். அவருக்குத் தெரிந்த மாதிரி, போர்வையை ரிப்பேர் பண்ண முடியாதாம் என்று சொன்னாராம். தங்கை பாத்திரம் கழுவிக்கொண்டே கேட்டாளாம். "நூலப் பத்திப் பேச ஆள் அனுப்பறா. என்னப் பத்திப் பேச அன்னிக்கு ஆள் இல்ல" என்றாளாம். வேறொன்றும் சொல்லவில்லையாம், பிறகு போனில் அவர்தான் சொன்னார்.

"போர்வை புடிச்சிருந்துதா பூச்சிக்கா?" என்று சலவைக்கூடத்தில் வெண்கலம் கேட்டாள். "ம்" என்றாள் பூச்சி. விரிப்பை உதறினார்கள். "குழந்தை யாரு ஜாடை?" "தங்கச்சி." "அப்ப நீ எப்பப் போற? எங்களையெல்லாம் விட்டுட்டு ஓடிடுவேன்னு நெனச்சேன்." பூச்சி மூலையைக் கொண்டுவந்து அவள் மூலையோடு சேர்த்தாள். அடுத்த விரிப்பை எடுக்கத் திரும்பிக்கொண்டாள்.

வெள்ளையில் புதுசாக ஒன்று ஆரம்பித்தாள். நாலு விரல் அகலம் வந்தது. கேட்டவர் யாரும் இல்லை என்பது ஒவ்வொரு வரிசையிலும் நினைவுக்கு வந்தது. ஊசியை அதிலேயே செருகி வைத்துவிட்டாள்.

தங்கை புருஷன் மட்டும் எப்போதாவது கூப்பிடுவார். குழந்தை உட்காருகிறது என்றார். அப்புறம் பிடித்துக்கொண்டு நிற்கிறது என்றார். ஒரு ஞாயிற்றுக்கிழமை, "அக்கா, பாப்பா பக்கத்துலதான் இருக்கா. சத்தம் எங்க கேட்டாலும் திரும்பறா இப்ப. ஸ்பீக்கர்ல போட்டிருக்கேன், ஏதாவது கொஞ்சுங்க" என்றார்.

குழந்தை மூச்சு விடுவது கேட்டது. அதற்குப் பின்னால், அதே வீட்டுக்குள், குழாயில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. அது சட்டென்று நின்றது. யாரோ குழாயை மூடிவிட்டுக் கேட்டுக்கொண்டு நிற்கிறார்கள்.

பூச்சி போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். கன்னுக்குட்டி என்று நாக்கு நுனிக்கு வந்தது. விழுங்கினாள். கிளி வந்தது. மான்குட்டி வந்தது. மைனா வந்தது. தங்கையை இடுப்பில் வைத்துக்கொண்டு அப்பா இல்லாத நேரத்தில் அவள் காதில் மட்டும் சொன்ன வார்த்தைகள். ஒவ்வொன்றாக விழுங்கினாள். வால் இல்லாத, இறக்கை இல்லாத ஒரு சொல் வேண்டும். ஊரே சொல்கிற சொல்தான், இருக்கத்தான் செய்தது. அது எழும்பி வருவதற்குள் அந்தப் பக்கம் குழாய் மறுபடி திறந்தது.

"பெரியம்மா லைன் கட்டாயிடுச்சுடா செல்லம்" என்று குழந்தையிடம் சொல்லிவிட்டு அவர் போனை வைத்தார்.