ரப்பர் பாலில் ஒட்டிய வாள்

எட்டாம் வகுப்பு ஆண்டுவிழா நாடகத்தில் ராணி வேடம் எனக்குத்தான் கிடைத்தது. நீளமான வசனங்களை இரண்டே நாளில் ஒப்பித்தவள் நான் ஒருத்திதான். தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. எங்கள் வீட்டில் எனக்கு முன்னால் யாரும் பள்ளிக்கூடம் போனதில்லை. அப்பா வெள்ளறடைப் பக்கம் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டினார். பால் எடுக்க அம்மாவும் கூடப் போவாள். இருவரும் முதல்முறையாக என் பள்ளிக்கு வருவதாக இருந்தார்கள்.

டீச்சர் ஒரு நிபந்தனை வைத்திருந்தார். விழா அன்று காலை வாள் இல்லாமல் வருகிறவளுக்கு வேடம் கிடையாது. தளபதியாக நடித்தவள் என் வசனங்களையும் படித்து வைத்திருந்தாள். அவளுடைய மாமா மரத்தில் வாள் செதுக்கிக் கொடுத்திருந்தார்.

முந்தின நாள் உதியன்குளங்கரைக் கடையில் சோப்பு வந்த அட்டைப்பெட்டியைக் கேட்டு வாங்கினேன். வாள் வடிவில் மூன்று துண்டு வெட்டி ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டினால் விறைப்பாக நிற்கும் என்று நினைத்தேன். அம்மா பார்த்துக்கொண்டே நின்றாள்.

“கிழங்கு மாவில பசை காய்ச்சித் தாறேன் மக்கா. ஒணங்கினா பலகை கணக்கா இருக்கும்.”

“வேண்டாம். ரப்பர் பால் உண்டே. லாரி டயரே அதிலயாக்கும் செய்யிது.”

“டயரு வேற, வாளு வேற.”

“பள்ளிக்கூடக் காரியத்தில நீ பேசாத அம்மா.”

பாலை உறையவைக்க அப்பா ஆசிட் ஊற்றுவதற்கு முன் வாளியிலிருந்து ஒரு சிரட்டைப் பால் எடுத்து அட்டைகளில் பூசி ஒட்டினேன். மேலே பலகை, பலகைமேல் அம்மிக்கல். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை கல்லை நகர்த்திப் பார்த்தேன். ஈரம். மறுபடி பார்த்தேன். ஈரம்.

காலையில் அட்டைகள் ஒட்டியிருந்தன, நகத்தால் கீறினாலும் பிரியாதபடி. சிகரெட் பெட்டிகளில் சேர்த்த வெள்ளித்தாளைச் சுற்றினேன். பிடியைப் பிடித்துத் தூக்கினேன். முனை மெல்லக் கீழே சாய்ந்தது. வெயிலில் காட்டலாமென்று ஓடினால் வானம் மூடிக் கிடந்தது. அடுப்புக்கு மேலே பிடித்தேன். இன்னும் இளகி, புகைபோட்ட ரப்பர் ஷீட்டின் நாற்றம் அடித்தது. அதற்குள் பஸ் வரும் நேரமாகிவிட்டது.

வாளை டீச்சரின் மேசையில் படுக்கவைத்தேன். படுத்திருக்கும்போது அது நல்ல வாள்தான்.

“கொள்ளாம்,” என்று பாராட்டினார் டீச்சர்.

வேடம் தப்பித்தது. ஆனால் கடைசிக் காட்சியில் அதை உயர்த்திச் சபதம் செய்ய வேண்டும். உட்கார்ந்தேன், எழுந்தேன், மூன்று தடவை தண்ணீர் குடித்தேன். உள்ளே விறைப்புக்கு ஈர்க்குச்சி செருகலாம் என்று தென்னை தேடி வெளியே போனேன். வளாகத்தில் இருந்தவை மாமரங்கள் மட்டுமே.

மற்ற காட்சிகளில் வாள் இடுப்பில் இருந்தது. கடைசிக் காட்சியில் உருவி உயர்த்தினேன். வெள்ளித்தாள் சரசரத்தது. வாள் நிதானமாக வளைந்து என் கிரீடத்தில் முட்டியது.

“எலே, ராணிக்க வாளு வாடிப் போச்சு லே!” என்று பையன்கள் பக்கமிருந்து ஒரு குரல். கொட்டகை முழுக்கச் சிரிப்பு.

பக்கத்தில் நின்ற தளபதி உதடு அசையாமல் கேட்டாள்: “எட்டீ, வசனத்த நான் சொல்லட்டா?”

“வாய மூடுடி.”

வாளைத் தூக்கி எறிந்துவிட்டு முஷ்டியை உயர்த்தி ஆரம்பித்தேன். முதல் இரண்டு வரி யாருக்கும் கேட்கவில்லை. நிறுத்தி, மறுபடி முதல் வரியிலிருந்து தொடங்கினேன். அப்போதும் சிரித்தார்கள். மூன்றாவது தடவை தொடங்கினேன். கடைசி வரிசையில் அப்பாவும் அம்மாவும் எழுந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள், அவர்கள் சிரிக்கவில்லை. மெல்லச் சத்தம் அடங்கியது. முழு வசனத்தையும் சொன்னேன்.

திரைக்குப் பின்னால் டீச்சர் பிடித்துக்கொண்டார்.

“வாள எறியச் சொன்னது யாரு?”

“யாரும் சொல்லல்ல டீச்சர். வசனத்தில ஒரு வார்த்தை விட்டேனா?”

அவர் யோசித்துவிட்டு, இல்லை என்றார்.