மச்சாளின் ஹார்ட் டிஸ்க்

அம்மாவின் போனில் ஒளித்து எழுதுகிறேன். அவா எழும்பினால் என் கதை முடிந்தது. மச்சாள் இந்த ஃபேஸ்புக் பக்கத்தில் இல்லை என்ற தைரியம் மட்டும்தான்.

மச்சாளுக்குக் கனடா மாமா ஹார்ட் டிஸ்க் அனுப்பியிருக்கிறார். அவள் பெரியபிள்ளையானதற்குச் செய்த சாமத்திய வீட்டு வீடியோவை அதில் ஏற்ற இன்று பரந்தனில் உள்ள ஸ்டூடியோவுக்குப் போனோம். ட்ரோன் வைத்து எடுத்த வீடியோ. என்னுடைய சாமத்திய வீட்டுக்கு அம்மாவின் போன் படங்கள்தான். பாதியில் பெரியப்பாவின் விரல்.

"இந்தக் கொம்பியூட்டரில இடமில்லை தங்கச்சி. ஏத்தினதும் இஞ்ச அழிச்சுப்போடுவன்," என்றார் ஸ்டூடியோ அண்ணா.

கொஞ்ச நேரத்தில் மச்சாள், "முடிஞ்சுதடி, வா போவம்," என்று வயரைப் பிடித்தாள்.

டிஸ்க்கின் விளக்கு இன்னும் மின்னிக்கொண்டிருந்தது. இப்போது இழுத்தால் வீடியோ பழுதாகலாம் என்று எனக்குத் தெரியும். அண்ணா அதைக் கவனிக்கவில்லை.

நான் பேசாமல் நின்றேன். வீடியோ பழுதாய்ப் போகட்டும் என்றுதான் நினைத்தேன்.

அப்போதுதான் நினைவு வந்தது. அந்த வீடியோவில் சேலை கட்டி, ஆலாத்தித் தட்டோடு நானும் வருகிறேன். நான் வடிவாக இருக்கிற ஒரே வீடியோ அதுதான்.

"கழட்டாதையடி!" என்று கத்தினேன்.

அண்ணா ஓடி வந்தார். "அவா சொல்லுறது சரி. எல்லாம் திறக்குதோ எண்டு பாத்திட்டு, கொம்பியூட்டரில எஜெக்ட் குடுத்துத்தான் கழட்ட வேணும்."

எல்லாம் திறந்தன. மச்சாள் என்னைக் கட்டிப்பிடித்தாள். "நீ இல்லாட்டி எல்லாம் போயிருக்குமடி. உனக்கு எவ்வளவு நல்ல மனசு!"

நான் ஓம் என்று தலையாட்டினேன்.

பொறாமைப்பட்டு நல்ல பெயர் வாங்கியவர்கள் வேறு யாரும் இங்கே இருக்கிறீர்களா?