நீல கேட்டு வீட்டுக்காரி

தூத்துக்குடி வட்டாரத்தில் என்னைக் காதல் பாட்டுக்காரன் என்றுதான் சொல்வார்கள். அந்தப் பெயர் வரும்வரை நான் யாரையும் காதலித்ததில்லை. வந்த பிறகு அதற்கு நேரமில்லை. முகூர்த்த நாளெல்லாம் கல்யாண மேடை, வெயில் காலத்தில் கோயில் கொடை, ஆகஸ்டில் மாதா திருவிழா என்று ஓடிக்கொண்டிருந்தேன். நடுவில் விட்டுப்போய், இப்போது மறுபடி பாடுகிறேன். பாட்டுக்கு முன்னால் பேசுவதை மட்டும் நிறுத்திவிட்டேன். ஏன் நிறுத்தினேன் என்பதைத்தான் சொல்ல வந்தேன்.

எங்கள் ஊர் புன்னைக்காயலுக்கு வடக்கே கடற்கரையில் இருக்கிறது. பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் அந்த நாற்பது வீட்டுக்காரர்களும் மறுபடி சண்டைக்கு வருவார்கள். வீட்டில் அப்பா, சித்தப்பா, பெரியப்பா மக்கள் எல்லாரும் கடலுக்குப் போகிறவர்கள். எனக்குப் படகில் கால் வைத்தாலே குமட்டும். கரையில் கட்டிக் கிடக்கிற படகில் ஏறி வாந்தி எடுத்தவன் எங்கள் குடும்பத்தில் நான் ஒருவன்தான். சரி, இவன் மாதா கோயிலுக்காவது ஆகட்டும் என்று பாடகர் குழுவில் சேர்த்துவிட்டார்கள். அங்கேயும் நிலைக்கவில்லை. பாட்டு வாத்தியார் ஒருநாள் ஆர்மோனியத்தை நிறுத்திவிட்டுச் சொன்னார்:

"ஏலே, நீ ஆண்டவர்ட்ட இரக்கம் கேக்கியா, இல்ல காலேஜ் வாசல்ல நிக்கியா? வெளிய போ."

அந்தக் குரல்தான் வேண்டும் என்று சொன்னவர் தூத்துக்குடியில் சவுண்ட் சர்வீஸ் நடத்திய அண்ணாச்சி. ஸ்பீக்கர் பெட்டிகளோடு ஒரு மெல்லிசைக் குழுவும் அவரிடம் இருந்தது. "மைக்கக் கடிக்காத. மைக்குக்கு ரகசியம் சொல்லுத மாதிரி பாடு" என்பார். அதுதான் எனக்குக் கிடைத்த ஒரே சங்கீதப் பயிற்சி. அதை வைத்தே பல வருஷம் ஓட்டினேன்.

ஒரு மழைக்காலத்தில் கச்சேரி இல்லாமல் எல்லாரும் சும்மா இருந்தோம். யூடியூபுக்கு நாமே ஒரு பாட்டுப் போடலாம் என்றார் அண்ணாச்சி. கீபோர்டுக்காரன் மெட்டுப் போட்டான். வார்த்தை எழுதியது நான். டீக்கடையில் அரை மணி நேரத்தில் எழுதினேன், அதில் பாதி நேரம் வடை தின்றேன். ஒருவன் ஒரு வீட்டு கேட்டுக்கு எதிரே நிற்கிறான், அந்த வீட்டுப் பெண் இன்னொருவனுக்கு வாழ்க்கைப்பட்டுப் போகிறாள். அவ்வளவுதான் கதை. கொஞ்சம் நம்ம ஊர் வாசம் வேண்டும் என்று கீபோர்டுக்காரன் கேட்டதால் கேட்டுக்கு நீல நிறம் கொடுத்தேன். கன்னத்தில் ஒரு மச்சமும் வைத்தேன், மெட்டில் இடம் மிச்சம் இருந்தது.

எங்கள் ஊரில் படகுக்கு அடித்த பெயின்ட் மிஞ்சினால் வீட்டு கேட்டுக்கு அடிப்பார்கள். படகெல்லாம் நீலம். ஆக, நீல கேட்டு வீடு என்றால் எங்கள் ஊரில் நாற்பது வீடு. எழுதும்போது எனக்கு இது தோன்றவே இல்லை.

பாட்டு ஓடியது. ஆட்டோவில் ஓடியது, மினி பஸ்ஸில் ஓடியது, ஐஸ் பிளான்ட்டில் ஓடியது. காயல்பட்டினத்துக்காரர் ஒருவர் துபாயிலிருந்து போன் போட்டு, ரூமில் ஆறு பேரும் இதைக் கேட்டுவிட்டுத்தான் படுக்கிறோம் என்றார். அண்ணாச்சிக்கு அது போதவில்லை.

"பாட்டுக்கு முன்னால ரெண்டு வார்த்த பேசணும்டே. நெசமா நடந்ததுன்னு சொல்லு. கண்ணத் தொடச்சுக்கோ. ஒரு வாய் தண்ணி குடி. பொறவு பாடு."

அப்படியே செய்தேன். "இது கற்பனை இல்லங்க. என் வாழ்க்கை. அவ இப்போ எங்கேயோ நல்லா இருக்கா. எனக்கு அது போதும்." 'எங்கேயோ' என்ற சொல்லில் குரலை உடைப்பேன். பிறகு தண்ணீர் பாட்டிலை எடுப்பேன். மூடியைத் திறக்கிற அந்த நேரத்துக்குள் முன்வரிசைப் பெண்கள் கண்ணைத் துடைக்க முந்தானையை எடுத்துவிடுவார்கள். பெரியதாழையில் ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையே அழுதுவிட்டான், மணப்பெண் அவனை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். ஒரே ஒரு முறை மேடையில் பாட்டில் வைக்க மறந்துவிட்டார்கள். அன்றைக்கு எனக்குக் குரலும் உடையவில்லை, கண்ணும் கலங்கவில்லை. என் சோகம் முழுவதும் அந்த பாட்டிலுக்குள் இருந்தது என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

இந்த நிலைமையில் அம்மா எனக்குப் பெண் பார்த்தாள். பெண் தூத்துக்குடி டவுன். துறைமுகத்துக்குச் சரக்கு அனுப்புகிற ஒரு ஏஜென்ட் ஆபீசில் வேலை. காகிதத்தில் எழுதியிருப்பதும் பெட்டிக்குள் இருப்பதும் ஒன்றுதானா என்று பார்ப்பது அவள் பொறுப்பு. ஒரு சீல் குறைந்தாலும் லாரியைத் திருப்பி அனுப்பிவிடுவாளாம். இதை அவள் அப்பா பெருமையாகச் சொன்னார். நானும் பெருமையாகத்தான் கேட்டுக்கொண்டேன்.

தட்டில் முந்திரி மக்ரூன் வைத்துக் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"அந்த நீல கேட்டு வீட்டுப் பொண்ணு யாரு?"

"அதெல்லாம் சும்மா" என்றேன்.

"அப்போ மேடையில சொல்லுதது?"

"அதுவும் சும்மா."

"இப்போ சொல்லுதது?"

நான் ஒரு மக்ரூனை எடுத்து வாயில் போட்டுக்கொண்டேன். வாயில் மக்ரூன் இருக்கும்போது மனிதன் பேச வேண்டியதில்லை. ஆனால் எனக்கு அவளைப் பிடித்துவிட்டது. அதை ஒளிக்க ஒன்றுமில்லை. வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்த மூன்றாவது கேள்வி காதில் ஓடிக்கொண்டிருந்தது. மெட்டில்லாமல் ஒன்று காதில் ஓடியது அதுதான் முதல் தடவை.

எங்களில் கல்யாணம் நிச்சயமானால் கோயிலில் ஓலை வாசிக்க வேண்டும். மூன்று ஞாயிற்றுக்கிழமைப் பூசையில், இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் பங்குச் சாமியாரிடம் தெரிவிக்கவும் என்று அறிவிப்பார்கள். யாரும் ஒன்றும் தெரிவிப்பதில்லை. பாதிப் பேர் அந்த நேரத்தில் செருப்பைத் தேடிக்கொண்டிருப்பார்கள். முதல் ஓலை போயிற்று. இரண்டாம் ஓலையும் போயிற்று. திங்கட்கிழமை, சாமியாருக்கு உதவியாக இருக்கும் உபதேசியார் போன் செய்தார்.

"சாமி வரச் சொல்லுதாரு. ஒம்மேல தடை வந்திருக்கு."

சாமியார் ஒரு கடிதத்தைக் காட்டினார். டைப் செய்திருந்தது, கையெழுத்து இல்லை. ஒன்று, இவர் ஒரு பெண்ணை உயிராக நேசித்ததாகப் பல மேடைகளில் சொல்லியிருக்கிறார். இரண்டு, அது உண்மை என்றால் மணப்பெண்ணிடம் மறைத்திருக்கிறார், பொய் என்றால் ஊரை ஏமாற்றியிருக்கிறார். மூன்று, இரண்டில் எது என்று திருமணத்துக்கு முன் தெரிந்தாக வேண்டும். கீழே, இணைப்பு மூன்று. மூன்று கச்சேரி வீடியோக்கள், எத்தனையாவது நிமிடத்தில் அழுகிறேன் என்பது உட்பட.

கீபோர்டுக்காரன் வேலை என்றாள் அம்மா. அவனுக்கு இப்படி வரிசையாக நம்பர் போட வராது என்று எனக்குத் தெரியும். அதற்குள் சேதி ஊருக்குள் போய்விட்டது. நாற்பது வீட்டிலும் மகள்மாரை நிறுத்தி விசாரணை நடந்தது. இரண்டு அப்பன்மார் என்னைத் தேடி வந்தார்கள். ஒரு வீட்டு கேட்டு ஒரே நாளில் பச்சையானது. அந்த வீட்டில் இருந்தது மூன்று பையன்கள். ஏன் மாற்றினார்கள் என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.

அண்ணாச்சியிடம் போனேன்.

"பொண்ணே கெடையாதுன்னு சாமிட்ட சொன்னன்னா தொழில் போச்சுடே. ஒரு பொண்ணு இருந்தா, காய்ச்சல்ல செத்துட்டான்னு சொல்லு. சாமியும் மேல கேக்க மாட்டாரு, பாட்டும் நிக்கும்."

யோசனை நன்றாகத்தான் இருந்தது. அதுதான் வெட்கம். கல்யாணமா பாட்டா என்று இரண்டு நாள் யோசித்தேன். இல்லாத ஒருத்தியைக் கொன்றுவிட்டு, இருக்கிற ஒருத்தியைக் கட்டலாமா என்று கணக்குப் போட்டேன். மூன்றாம் நாள் சாமியாரிடம் போய் விவிலியத்தில் கை வைத்தேன்.

"அந்தப் பெண் யாருப்பா?"

"யாருமில்ல சாமி."

"மச்சம்?"

"மெட்டுக்கு வச்சது."

"அந்த நீல கேட்டு?"

"மிச்ச பெயின்ட், சாமி."

சாமியார் கடிதத்தை மடித்து வைத்தார். தடை நீங்கியதில் அவருக்குச் சந்தோஷம் இருந்த மாதிரித் தெரியவில்லை. "எனக்கு அந்தப் பாட்டு ரொம்பப் பிடிக்கும்" என்றார்.

மூன்றாம் ஓலையன்று, தடை விசாரிக்கப்பட்டது, பாட்டில் வரும் பெண் முழுக்கக் கற்பனை என்று பூசையில் அறிவித்தார். அன்றைக்கு யாரும் செருப்பைத் தேடவில்லை. வெளியே வந்தபோது மீன் விற்கிற ஒரு அக்கா வழியை மறித்தாள். அவள் புருஷன் கடலுக்குப் போய்த் திரும்பாதவன்.

"அப்போ இவ்வளவு நாளும் நாங்க யாருக்குலே அழுதோம்?"

கோபமாகக் கேட்டிருந்தால் தாங்கியிருப்பேன். மெதுவாகத்தான் கேட்டாள். அவள் அழுதது அவள் புருஷனுக்கு, அது பொய்யில்லை என்று சொல்லியிருக்கலாம். எனக்கு அப்போது வரவில்லை. தலையைக் குனிந்துகொண்டு நடந்தேன். அந்த வெட்கம் இன்னும் போகவில்லை.

அடுத்த கச்சேரியில் பழக்கதோஷத்தில் பாட்டிலைத் தொட்டுவிட்டேன். பின்வரிசையிலிருந்து "தண்ணிய நல்லா குடிலே, அழுகை வரும்" என்று ஒருவன் சொன்னான். கூட்டம் சிரித்தது. முன்வரிசை முந்தானைகள் வாயைப் பொத்திக்கொண்டன. அடுத்த வாரம் அண்ணாச்சி வேறொரு பையனை மேடையேற்றினார்.

கல்யாணத்துக்குப் பத்து நாள் இருந்தபோது அவள் ஆபீசுக்கு எதிரே உள்ள டீக்கடைக்கு அவளை வரச்சொல்லிவிட்டுப் போனேன். என் பாட்டு போய்விட்டது, இனி நான் யார் என்று எனக்கே தெரியவில்லை, வேண்டாம் என்றால் இப்போதே சொல்லிவிடு என்று அவளிடம் சொல்லத்தான் போனேன். அவள் முழுவதையும் கேட்டுவிட்டு, டீயை ஆற்றிக்கொண்டே கேட்டாள்.

"இணைப்பு மூணையும் சாமி பாத்தாரா?"

கடிதத்தில் இணைப்பு இருந்ததை நான் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.

"மூணுன்னு உனக்கு யாரு சொன்னா?"

"நான்தான டைப் பண்ணேன்."

கன்டெய்னர் லாரி ஒன்று போயிற்று. அதன் சத்தத்துக்குள் கத்திவிடலாம் என்று பார்த்தேன். எனக்கு வந்த கோபத்துக்கு அந்த லாரி போதாது.

"எங்கிட்டயே கேட்டிருக்கலாம்லா?"

"கேட்டேன். நீங்க மக்ரூன் தின்னீங்க."

அவள் டீ டம்ளரைக் கீழே வைத்தாள்.

"மேடையில அப்படி அழுதவரு, நாளைக்கு எங்கிட்ட ஒண்ணு சொன்னா, அது எந்த வகைன்னு நான் எப்படிப் பாப்பேன்? பேப்பரும் சரக்கும் ஒண்ணா இருக்கணும். இல்லன்னா எனக்குத் தூக்கம் வராது. உங்க தொழில் போகும்னு தெரிஞ்சுதான் எழுதினேன். அதுக்கு எம்மேல கோவப்படுங்க. ஆனா காய்ச்சல்ல செத்துட்டான்னு சொல்லாம வந்தீங்கள்ல, அது எனக்குப் போதும்."

அண்ணாச்சியின் யோசனை இவள்வரை எப்படி வந்தது என்று கேட்கவில்லை. கேட்டால் அதற்கும் ஒரு இணைப்பு வைத்திருப்பாள்.

"இப்போ சொல்லுங்க" என்றாள். "எதுக்கு என்னைக் கட்டுதீங்க?"

எத்தனையோ மேடையில் காதலைச் சொன்ன வாய். திறந்தேன், ஒன்றும் வரவில்லை. "எனக்கு" என்றேன். கை தானாக மேசையில் இருந்த தண்ணீர் டம்ளருக்குப் போயிற்று. அவள் அதை எட்டாத தூரத்துக்கு நகர்த்தி வைத்தாள்.

"தண்ணி குடிக்காம சொல்லுங்க."

"உன்னை எனக்குப் பிடிச்சிருக்கு" என்றேன். "அன்னைக்கே பிடிச்சுது. பாட்டு போனதுக்குக் கஷ்டமாத்தான் இருக்கு. நீ போயிட்டா என்ன செய்வேன்னு தெரியல." சுருதி இல்லை, தாளமும் இல்லை. டீ மாஸ்டர் திரும்பிப் பார்க்கிற அளவுக்குக் குரல் கீச்சென்று போயிற்று.

"ரொம்ப மோசம்" என்றாள் அவள். "மேடையில இப்படிச் சொன்னா ஒருத்தரும் நம்ப மாட்டாங்க."

கண்ணைத் துடைத்துக்கொண்டது அவள்தான். பிறகு அந்த டம்ளரை எடுத்து அவளே குடித்தாள்.