மெமோவில் இருந்த சொல்

எண்பதுகளின் கடைசியில் அம்பத்தூர் தொழிற்பேட்டையில் தகடு வெட்டும் பிரஸ் ஓட்டினேன். கை உள்ளே சிக்காமலிருக்க அதில் இரண்டு பட்டன்களையும் இரு கைகளால் சேர்த்து அழுத்த வேண்டும். அப்படி ஓட்டினால் ஒரு ஷிப்டுக்கு இத்தனை தகடு என்ற கணக்கு வராது. அதனால் எல்லோரும் ஒரு பட்டனை அழுந்தியே இருக்கும்படி சைக்கிள் டியூப்பால் கட்டிவிடுவோம். சூப்பர்வைசர் கண்டுகொள்ள மாட்டார்.

ஒருநாள் மேனேஜர் என் மெஷினில் அதைப் பார்த்துவிட்டார். எனக்கு ஆங்கிலத்தில் மெமோ வந்தது; கையெழுத்துப் போட்டுத் திருப்பித் தர வேண்டும். என் செயல் ‘சூயிசைடல்’ என்றிருந்தது. அகராதியில் இரண்டு பொருள் இருந்தன: தற்கொலை நோக்கமுள்ள, தனக்கே கேடு தேடுகிற.

“இந்த ரெண்டு அர்த்தத்துல எதுக்குக் கையெழுத்துப் போடறது?” என்று பக்கத்து மெஷின்காரனைக் கேட்டேன்.

“எதுவா இருந்தா இன்னா மாமே? வெரலு போச்சுன்னா உன் தப்புன்னு எழுதி வாங்கிக்கிறானுங்க. போடலன்னா கேட்டுக்கு வெளிய நிக்கணும்.”

போட்டேன். சூப்பர்வைசர் மெமோவை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, “நேத்து குடுத்த கணக்கு இன்னிக்கும் வரணும்” என்றார்.