மூன்று குட்டி விசில்

போன மாதம் ஒரு புதன்கிழமை விழுப்புரத்திலிருந்து திண்டிவனத்துக்கு பஸ்ஸில் போனேன். டிரைவர் ஏழுமலை (பெயரை மாற்றியிருக்கிறேன், காரணம் போகப் போகப் புரியும்) வண்டி என்றால் எனக்கு இடப்பக்க முன் சீட்தான். பத்து வருஷப் பழக்கம். நான் பேசுவேன், அவர் ரோட்டைப் பார்த்தபடி கேட்பார். வீட்டில் எனக்கு இந்த வசதி கிடையாது.

ஏழெட்டு மாத இடைவெளிக்குப் பிறகு ஏறிய எனக்கு அன்றைக்கு ஒரு புதுமை. கண்டக்டர் செல்வம் டிக்கெட் போட்டு முடித்ததும் முன் படி ஓரமாக வந்து நின்றுகொண்டார். அவ்வப்போது 'பிப் பிப் பிப்' என்று மூன்று குட்டி விசில். ஒன்று ஊதினால் நிற்கணும், இரண்டு ஊதினால் கிளம்பணும்... மூன்று எதற்கு?

எதற்காக இருந்தால் எனக்கென்ன? வாயாலேயே கண்டக்டர் விசில் ஊதுவது, காலேஜ் நாளிலிருந்து எனக்குத் தெரிந்த ஒரே கலை. கூட்டேரிப்பட்டு தாண்டியதும் செல்வத்தைச் சீண்டலாமே என்று அச்சு அசலாக மூன்று ஊதினேன்.

வண்டி சடாரென்று வலப்பக்கம் திரும்பியது.

அங்கே ஒரு ஆம்னி பஸ் எங்களை ஓவர்டேக் செய்துகொண்டிருந்தது. அதன் ஹாரன் என் மண்டைக்குள்ளேயே அடித்தது. ஏழுமலை திருப்பி இழுத்தார். ஒரு முழம் இடைவெளி இருந்திருக்கும். பின்னால் ஒரு குழந்தை வீறிட்டது. யாரோ டிரைவரின் பரம்பரையை விசாரித்தார். டிக்கெட் இல்லாத ஆளைக்கூட செல்வம் அப்படி முறைத்துப் பார்த்ததில்லை.

அப்புறம்தான் உறைத்தது. இடப்பக்கம் பைக், மாடு, மனுஷன் எது வந்தாலும் மூன்று விசில். ஏழுமலைக்கு இடது கண் தெரியவில்லை!

திண்டிவனம் வரை கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு இடப்பக்க ரோட்டை நானே பார்த்துக்கொண்டு வந்தேன். பின்னால் அத்தனை பேரும் மறுபடியும் தூங்கிவிட்டார்கள். அவர்கள் உயிரெல்லாம் செல்வத்தின் விசிலுக்குள் உருளும் அந்தப் பட்டாணியில்...

பஸ் ஸ்டாண்டில் ஏழுமலைக்கும் எனக்கும் டீ வாங்கினேன்.

அவருக்குச் சர்க்கரை வியாதியாம். கண்ணுக்குள் ரத்தம் கசிந்து ஆறு மாதமாகிறதாம். டிப்போவில் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"சொன்னா ஸ்டீரிங்க புடுங்கிக்குவாங்க சார். வேற வேலை தர்ற வரைக்கும் டிப்போ பெஞ்சில குந்திக்கினு கெடக்கணும். இடுப்பு போன ஒருத்தரு எட்டு மாசமா அங்கதான் இருக்காரு. ஆபீஸ்ல போன் அடிச்சா போதும், தனக்குத்தான் ஆர்டர் வந்துடுச்சின்னு எழுந்து நிக்கறாரு."

வேலையில் இருக்கும்போது கண்ணோ காலோ போனால் ஆளை வீட்டுக்கு அனுப்பக் கூடாது. சம்பளம் குறையாமல் வேறு வேலை தரணும். இடம் இல்லையென்றால் புதிதாக ஓர் இடத்தை உண்டாக்கியாவது வைத்துக்கொள்ளணும். சட்டமே இருக்கிறது என்று, பேப்பரில் படித்ததை நீட்டி முழக்கினேன்.

"அத்த எழுதினவரு எங்க டிப்போவுக்கு வந்திருக்காரா சார்?"

ஏழுமலை டீயைக் குடித்து முடித்தார். கிளாஸை வைத்துவிட்டுச் சொன்னார்:

"இன்னிக்கி நீங்க வெளையாட்டுக்கு ஊதினீங்க. நாளைக்கி ரோட்டோரமா பீப்பி விக்கறவன் ஊதினா?"

திரும்பும் ட்ரிப்பை அவர் எடுக்கவில்லை. நேரே போய் டைம் கீப்பரிடம் கண் தெரியவில்லை என்று சொல்லிவிட்டார். செல்வம் விசிலைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு வேறு பக்கம் பார்த்தார். மாற்று வேலை கேட்டு மனுவை டீக்கடையிலேயே எழுதிக் கொடுத்தேன். இத்தனை வருஷம் பத்திரிகையில் பத்தி எழுதுகிறேன்... அந்த ஒரு பக்கத்தில் மூன்று அடித்தல்.

கண் போனதைவிட, போனதைச் சொல்வதற்கு அதிகமாகப் பயப்படுகிறார் ஒரு மனுஷர். அவர் முதுகுக்குப் பின்னால்தான் நீங்களும் நானும் டிக்கெட் வாங்கிக்கொண்டு தூங்குகிறோம். அவருக்கு ஒழுங்காக ஒரு மாற்று வேலை கொடுப்பது அவர்மீது காட்டும் இரக்கம் மட்டும்தானா?

இப்போது ஏழுமலை அந்த பெஞ்சில். மெடிக்கல் போர்டுக்கு இன்னும் தேதி வரவில்லை. தினமும் காலையில் எனக்கு போன் வருகிறது.

"சார், அந்த சட்டம் நெசமா இருக்குதுல்ல?"

"இருக்குங்க ஏழுமலை, தைரியமா இருங்க" என்று கொஞ்சம் சத்தமாகவே சொல்கிறேன். போனை வைத்ததும், வெட்டி வைத்த பேப்பர் துண்டைத் தேடி எடுத்து, இருக்கிறதா என்று இன்னொரு தடவை பார்த்துக்கொள்கிறேன்.