வரைபடத்தில் இல்லாத வடிமடை

மேசை மேல் வைத்த பயிர்

கார்த்திகை அடைமழையில் ஒரு நாள் காலை எங்கள் சைட் ஆபீஸுக்குள் ஆரோக்கியமேரி வந்தார். முழங்கால் வரை சேறு. கையில் வேரோடு பிடுங்கிய ஒரு பிடி சம்பாப் பயிர். என் மேசையில் விரித்திருந்த டிராயிங்கின் மேல் அதை வைத்தார்.

"நட்டு இருவது நாளு சார். மூணு நாளா தண்ணிக்குள்ள கெடக்குது. தொட்டுப் பாருங்க."

தொட்டேன். அடித்தண்டு கொழகொழவென்று கையோடு வந்தது. இன்னும் இரண்டு நாள் தண்ணீர் நின்றால் மொத்தமும் அழுகிவிடும். அவருக்கு இருந்தது இரண்டு மா, ஏக்கருக்கும் குறைவு. வேறு நிலம் கிடையாது.

நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். சர்க்கார் சர்வேயராக முப்பது வருஷம் குடவாசல், நன்னிலம் பக்கம் சங்கிலி இழுத்தவன். ஓய்வு பெற்ற பிறகு வீட்டில் சும்மா இருக்க முடியாமல், குடவாசலுக்குக் கிழக்கே சோலார் பிளாண்ட் போட வந்த ஒரு கம்பெனியில் லேண்ட் ஆபீசராகச் சேர்ந்தேன். பட்டா பார்ப்பது, எல்லைக்கல் காட்டுவது, ஊர்க்காரர்களிடம் பேசுவது என் வேலை. கம்பெனி வாங்க வேண்டிய திட்டையும் நானே வாங்கிக்கொள்வேன்.

வைகாசியில் சொன்ன பொய்

பிளாண்ட் வந்த இடம் ஒரு பழைய மிராசுதாருடையது. வாரிசுகள் சென்னையில். பல வருஷமாகச் சாகுபடி இல்லாமல் கோரை மண்டிக் கிடந்ததைக் கம்பெனிக்குக் குத்தகைக்கு விட்டார்கள். அதற்கு மேற்கே, சற்று மேட்டில் ஒட்டியிருந்தது ஆரோக்கியமேரியின் வயல். அதுவும் ஒரு காலத்தில் மிராசு நிலம்தான். நில உச்சவரம்பில் எடுத்து, பண்ணையில் வேலை செய்தவர்களுக்குப் பிரித்துக் கொடுத்தபோது அவருடைய அப்பா சவரிமுத்துவுக்குக் கிடைத்தது. கூலி கேட்டுப் போராடி, அந்த மிராசுதார் கொடுத்த கேஸில் ஜெயிலுக்குப் போய் வந்தவர் அவர்.

எங்கள் பக்கத்தில் எல்லா வயலுக்கும் தனி வாய்க்கால் இருக்காது. மேல் வயலில் மிஞ்சிய தண்ணீர் வரப்பில் வெட்டிய ஒரு திறப்பு வழியே கீழ் வயலில் இறங்கி, அப்படியே வடிகாலுக்குப் போகும். அந்தத் திறப்புக்கு வடிமடை என்று பெயர். யாரும் யாரிடமும் எழுதி வாங்குவதில்லை. சர்வே இலாகாவின் புல வரைபடத்தில், நாங்கள் எஃப்.எம்.பி. என்போமே, அதில் இது இருக்காது.

வைகாசி வெயிலில் நானும் புராஜெக்ட் மேனேஜர் மதனும் எல்லையைச் சுற்றி நடந்தோம். நல்ல மனிதர். ராஜஸ்தானில் இரண்டு பிளாண்ட் முடித்தவர். தண்ணீர் வராதே என்று கவலைப்படத் தெரியும், வந்தால் எங்கே போகும் என்று கேட்கத் தெரியாது. மேற்கு வரப்பில் ஓர் இடத்தில் பனங்கட்டை பதித்த வெட்டு இருந்தது. நான் தாண்டிக் குதித்தேன்.

"என்ன சார் இது, பள்ளமா?" என்றார் மதன்.

"வரப்பு ஒடஞ்சிருக்கு சார். ஒண்ணுமில்ல."

தெரிந்தேதான் சொன்னேன். வடிமடை என்று சொன்னால் விளக்க வேண்டும், டிராயிங் மாறும், இன்னும் இரண்டு மீட்டிங். மண்டை காய்ந்தது, காலும் வலித்தது. இதைத் தவிர ஒரு காரணமும் இல்லை.

அதன் பிறகு கிராவல் லாரிகள் வந்தன. கிராவல் காண்ட்ராக்ட் எடுத்தவர் ஆளுங்கட்சிக்காரர். எந்த ஆட்சி வந்தாலும் அவரே ஆளுங்கட்சிக்காரர், வேட்டியின் கரை மட்டும் மாறும். மேற்கு எல்லை முழுக்க இடுப்பளவு கரை எழுந்தது. பனங்கட்டை அதற்கு அடியில் போயிற்று.

உண்மையான பதில்

ஆரோக்கியமேரி கேட்டது ஒன்றே ஒன்று. "ஒரு மம்முட்டி அகலம் கரைய வெட்டி விடுங்க சார். பொழுது சாயறதுக்குள்ள வடிஞ்சிரும்."

மதன் ஒத்துக்கொள்ளவில்லை. கரையை ஒட்டி உள்ளே கேபிள் ட்ரெஞ்ச் திறந்து கிடந்தது. "தண்ணி உள்ள வந்தா இன்வெர்ட்டர் ரூம் வரைக்கும் போயிடும் சார். அடுத்த வாரம் கமிஷனிங், கரண்ட் விடணும். நான் என்ன பண்றது, சொல்லுங்க?" அவருக்கும் வேலை போகிற பயம்.

மறுநாள் வருவாய்த் துறையிலிருந்து ஓர் அதிகாரி ஜீப்பில் வந்தார். குடையைப் பிடித்துக்கொண்டு கரைமேல் நின்றோம். ஒரு பக்கம் கண்ணாடி பேனல்கள், மறுபக்கம் பயிர் தெரியாத வெள்ளம்.

"நீங்கதான் ரிட்டயர்டு சர்வேயராமே. எஃப்.எம்.பி.ல இந்த இடத்துல வாய்க்கால் ஏதும் இருக்கா?"

"ரெக்கார்டுல இல்லீங்க சார்."

"அப்ப நான் கரைய வெட்டச் சொல்ல முடியாதும்மா" என்று அவர் ஆரோக்கியமேரியிடம் சொன்னார்.

நான் சொன்னதில் பொய் இல்லை. ரெக்கார்டில் இல்லைதான். இருந்தது என்று சொல்ல ஒரு வாய் போதும், அந்த வாய் என்னிடம் இருந்தது. மாதச் சம்பளத்தை நினைத்து மூடிக்கொண்டேன்.

ஆரோக்கியமேரி அதிகாரியைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தார்.

"எங்கப்பாவ ஜெயில்ல போட்ட மிராசுகூட இந்த வடிய அடைக்கல சார்."

அந்த வருஷம் அவருக்கு ஒரு படி நெல் கூட வரவில்லை. எனக்கு இன்று நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது.

குழாய்

அறுவடை இல்லாத தை மாதத்தில் ஊரே வந்து கேட்டில் உட்கார்ந்தது. லாரி உள்ளே போகவில்லை. பிறகுதான் ஹெட் ஆபீஸ் இறங்கி வந்தது. கரைக்கும் கேபிளுக்கும் அடியில் ஒரு சிமெண்ட் குழாய் புதைத்து வடிகாலோடு சேர்த்தார்கள்.

கடைசி டிராயிங்கில் குழாயைப் போடச் சொன்னேன். மதன் தயங்கினார். "எழுதினா அது அவங்க உரிமையாயிடும்னு மேல சொல்றாங்க. தண்ணிதான் போவுதுல்ல, விடுங்க சார்." விட்டுவிட்டேன். மூன்றாவது தப்பு.

மதன் இப்போது வேறு மாநிலத்தில். நானும் வேலையை விட்டுவிட்டேன். பிளாண்டில் இருப்பவர்கள் புதியவர்கள். டிராயிங்கில் இல்லாத குழாயைச் சுத்தம் செய்வது யாருடைய வேலையும் இல்லை. வெங்காயத்தாமரை வந்து வாயை அடைத்தால் அடைத்ததுதான்.

இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். நிலத்தை வெயிலில் மட்டும் பார்க்காதீர்கள். அடைமழையில் ஒரு தடவை நடந்து பாருங்கள். பக்கத்து வயல்காரரிடம் "உங்க தண்ணி எங்க வடியுது?" என்று கேளுங்கள். சொன்னதை அன்றைக்கே டிராயிங்கில் போடுங்கள். கால் வலிக்கும், மீட்டிங் கூடும். பரவாயில்லை.

இப்போது ஐப்பசி பிறந்ததும் மண்வெட்டியை வண்டியில் கட்டிக்கொண்டு நானே போய்க் குழாய் வாயைச் சுத்தம் செய்கிறேன். முதல் வருஷம் ஆரோக்கியமேரி நடவை விட்டுவிட்டு வந்து, வரப்பில் நின்று பார்த்தார். வாங்க என்று சொல்லவில்லை. நான் நிமிர்ந்து இடுப்பைப் பிடித்தபோதுதான் வாயைத் திறந்தார்.

"இன்னும் கொஞ்சம் ஆழமா வெட்டுங்க சார்."

வெட்டினேன்.