அவியலில் விழுந்த உப்பும் ஷீலாவின் கிரேடியன்ட்டும்

போன ஞாயிற்றுக்கிழமை நாகர்கோவிலில் என் மச்சினன் வீட்டுப் பால்காய்ப்பு. புது வீடு முழுக்க ஒரே சிரிப்பும் சத்தமும். என் மனைவி ஷீலா மட்டும் அடுப்படி ஓரத்தில் லேப்டாப்பும் கையுமாக 'உம்'மென்று உட்கார்ந்திருந்தாள்.

காரணம் உண்டு. ஷீலா காலேஜில் கணக்கு டீச்சர். இந்த வருஷம் மெஷின் லேர்னிங் பேப்பரும் அவள் தலையில் விழுந்துவிட்டது. தோவாளைச் சந்தையின் பிச்சிப்பூ விலையைக் கணிக்கும் ஒரு புரோகிராமை வகுப்பில் ஓட்டிக் காட்டப் போய்... விலை தாறுமாறாக எகிறி, கடைசியில் திரையில் எண்ணே வராமல் நின்றுபோனது. பின் பெஞ்சில் ஒரே சிரிப்பு. "திங்கக்கிழமை ஓடும், பாருங்க" என்று வீராப்பாகச் சொல்லிவிட்டு வந்திருக்கிறாள்.

"நாளைக்கும் ஓடலைன்னா எந்த மூஞ்சிய வச்சுட்டு கிளாசுக்குப் போவேன்?"

எனக்குக் கணக்கென்றாலே காய்ச்சல். ஆனாலும் கேட்டுக்கொண்டேன். கணிப்பில் இருக்கும் பிழை குறைய வேண்டும் என்றால் புரோகிராமுக்குள் இருக்கும் எண்களை எந்தப் பக்கம், எவ்வளவு நகர்த்த வேண்டும்? அதைச் சொல்வதுதான் கிரேடியன்ட்டாம். ஐந்தாறு நாள் விலையைக் கொடுத்தால் புரோகிராம் சமர்த்தாக ஓடுகிறது. வருஷம் முழுக்க உள்ள விலையைக் கொடுத்தால் பேயாட்டம்! ஃபார்முலாவை எத்தனை தடவை பார்த்தாலும் சரியாகவே இருக்கிறது. பின்னே எங்கே தப்பு?

அந்த நேரம் பார்த்து மைனி, அதாவது மச்சினன் மனைவி, அவியலைக் கொஞ்சம் தட்டில் எடுத்து நீட்டினாள். "உப்பு பாருங்க."

சித்தப்பா, மாமா, அத்தை, நான்... எல்லோரும் ஒரு வாய் வைத்தோம். எல்லோர் தீர்ப்பும் ஒன்றுதான், உப்பு கொஞ்சம் குறைவு. "ஒரு துளி காணாது மக்ளே."

வாசலில் யாரோ வர, மைனி ஓடினாள். எங்கள் பக்கத்தில்தான் தெரியுமே! விசேஷ வீட்டில் யாரும் சும்மா இருக்க மாட்டோம். மைனிக்கு உதவியாக இருக்கட்டுமே என்று சித்தப்பா ஒரு துளி போட்டார். அவர் போட்டது தெரியாமல் மாமா ஒரு துளி. அப்புறம் அத்தை. அப்புறம்... ஹிஹி, நானும்தான்.

திரும்பி வந்த மைனி வாயில் வைத்தாள். "அய்யோ! ஒரே கரிப்பு! யாரு உப்பு போட்டது?"

"நான் ஒரு துளிதானே போட்டேன்!" — எல்லோரும் ஒரே குரலில்.

ஷீலா நிமிர்ந்தாள். எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தாள். அப்புறம் பாருங்கள், ஒரு சிரிப்பு... "வகுக்கல! நான் வகுக்கவே இல்ல!"

"பிள்ளைக்கு என்னவோ ஆயிட்டு" என்றார் சித்தப்பா.

ஒன்றும் ஆகவில்லை. ஒவ்வொரு நாள் விலையும் 'இவ்வளவு நகர்த்து' என்று யோசனை சொல்கிறது. ஷீலா அத்தனையையும் கூட்டி நகர்த்தியிருக்கிறாள். நாட்களின் எண்ணிக்கையால் வகுத்து சராசரி எடுக்க மறந்துபோனாள். நாலைந்து பேர் சொன்னால் தாங்கும், ஊரே சொன்னால்? ஒரே ஒரு வகுத்தல்தான் சேர்த்தாள். பிழை மளமளவென்று இறங்கியது.

அவியலையும் காப்பாற்றினோம். காயும் தேங்காயும் இன்னொரு பங்கு, உப்பில்லாமல்! மறுநாள் வகுப்பில் ஒரே கைதட்டலாம். போனில் சொல்லும்போது ஷீலாவின் குரலே பாடியது.

யோசித்துப் பார்த்தால் பெண் பார்ப்பது, வீடு கட்டுவது, பிள்ளையை எதில் சேர்ப்பது... எல்லாவற்றிலும் நமக்கு யோசனை சொல்கிறவர்கள் யாரும் தப்பாகச் சொல்வதில்லை.

கூட்டினால்தான் கரிக்கிறது!